நடிப்பும் மெய்யன்பும்



உள்ளத்தில் அன்பு ஊறாத காலத்தும் அன்பரைப் போல ஒழுகுதல் தகுமோ, அன்றி அஃது இறைவன் திருமுன்னர் இயற்றும் பொய்யாகுமோ என்பது நெடுநாளாக வழங்கி வரும் ஒரு வினா. நூல்களிற் பலமுறை கண்டிருந்தும், அதனை வினா என அளவில் அறிந்திருந்தேனேயன்றி, அதன் சுமையை அறிந்திலேன். சென்ற ஆண்டு அவ்வினா ஒரு மனிதர் வடிவில் என் திண்ணையில் வந்து அமர்ந்தது. அதற்கு விடை தேடிய வழியில், நான் சற்றும் எதிர்பாராத ஓரிடத்தில், அதாவது நடிகர்தம் தொழிலில், எனக்கு ஓர் ஊக்கம் கிடைத்தது. அதனையே ஈண்டு எழுதப் புகுகின்றேன்.

சாந்தோமில் என் வீட்டிற்கு இரண்டு தெரு தள்ளி ஒரு நண்பர் வாழ்கின்றார். கணக்கர் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், எழுபதை அணுகியவர். அவரும் அவர்தம் மனைவியாரும் மாலைதோறும் கச்சேரி சாலை வழியே நடந்து கபாலீச்சரம் சென்று மீள்வது அத்தெருவினர் யாவரும் அறிந்த காட்சி. அவ்வம்மையார் பகற்பொழுதில் தம் கையாலேயே பூத்தொடுத்துச் சிறு மாலையாக்கி இறைவனுக்குக் கொண்டு செல்வார். சென்ற மார்கழியில் அவர் இறைவன் திருவடி எய்தினார். அதன்பின் நண்பர் நெற்றியில் நீறு கண்டிலேன். கோயிற் பக்கமும் அவர் வந்திலர். மூன்று திங்கள் பொறுத்திருந்து ஒருநாள் காரணம் வினவினேன்.

அவர் சொன்னது இது: "புலவர் ஐயா, எனக்குக் கடவுள்மேற் சினமில்லை. உள்ளே ஒன்றுமே இல்லை, அவ்வளவுதான். அவள் சென்ற பிறகு இரண்டு நாள் சன்னிதியில் நின்று பார்த்தேன். கை கூப்பியது, வாய் பதிகத்தை முணுமுணுத்தது. நெஞ்சு மட்டும் மரக்கட்டையாய்க் கிடந்தது. நீறு பூசிக்கொண்டு பக்தனைப் போல நிற்பது நடிப்பல்லவா? இந்த வயதில் சுவாமி முன்னிலையிலே நடிக்க எனக்கு மனம் வரவில்லை."

விடை கூற வாயெடுத்தேன், சொல் எழவில்லை. அதற்குக் காரணம் உண்டு. நாற்பதாண்டு திருவாசகம் பாடஞ் சொன்னவன் நான். பல ஆண்டுகட்கு முன், வகுப்பு முடிந்தபின் ஒரு மாணவன் தனித்து நின்று, "ஐயா, இந்தப் பாட்டுக்கு உரை சொல்லும்போது தங்கள் குரல் தழுதழுக்கிறது. சென்ற ஆண்டு தங்களிடம் படித்த என் தமையனும், இதே இடத்திலேதான் தழுதழுத்தது என்கிறான். அது தானே வருவதா, தாங்கள் வருவிப்பதா?" என்று கேட்டான். நான் சினந்து அவனை அனுப்பிவிட்டேன். சினத்திற்குக் காரணம் அவன் பணிவின்மையன்று. அவன் வினாவில் உண்மை இருந்தமையே. அன்று மாணவனுக்கு விடை கூறாத நாவு, முதுமையில் நண்பருக்கு மட்டும் எங்ஙனம் கூறும்?

இந்நிலையில் ஒருநாட் காலை, சாந்தோம் நெடுஞ்சாலை வழியே தெற்கு நோக்கி நடந்து, பட்டினப்பாக்கத்தைக் கடந்து, அடையாற்றில் உள்ள சிவாஜி கணேசன் மணிமண்டபம் வரை சென்றேன். முன்னர் 2006-ஆம் ஆண்டு முதல் மெரினாக் கடற்கரைச் சாலையில் நின்ற அவர் சிலை, 2017-இல் அங்கிருந்து எடுக்கப்பட்டு இம்மண்டபத்திற்குக் கொணரப்பட்டது. அச்சிலையை நோக்கி நிற்கையில், 1967-ஆம் ஆண்டு வெளிவந்த திருவருட்செல்வர் என்னும் படத்தில் அவர் அப்பர் பெருமானாகத் தோன்றிய தோற்றம் நினைவிற்கு வந்தது. தளர்ந்த உடலும், கையில் உழவாரமும், சொல்லுக்கு முன்னே கனியும் கண்ணுமாக வந்த அக்காட்சியைக் கண்டபின், நாவுக்கரசர் என்ற பெயரைக் கேட்டவுடன் அவ்வுருவே மனத்தில் எழுவதாகச் சொல்லும் அன்பர் பலர் இன்றும் உளர். அப்பொழுது அந்நடிகருக்கு அகவை நாற்பதும் நிரம்பவில்லை. காஞ்சிப் பெரியவரை நேரிற் கண்டு, அவர் தோற்றத்தையும் நடையையும் மனத்திற்கொண்டே அவ்வேடத்தைப் புனைந்ததாக அவர் பிற்காலத்திற் கூறினார். அஃதாவது, துறவியின் உள்ளத்தை அவர் முதலிற் பற்றவில்லை. துறவி நிற்கும் நிலையையும், கை வைக்கும் முறையையும் பற்றினார். புறத்தைப் பற்றிய அம்முயற்சியின் வழியே காண்பார் பல்லாயிரவர் அகம் உருகிற்று. பொய் என்று நாம் தள்ளும் ஒன்று மெய்யை எங்ஙனம் ஈன்றது? இவ்வினாவோடு வீடு திரும்பினேன்.

நடிப்பைப் பற்றிச் சைவர் ஒருவர் ஆராயப் புகுதல் தகுமோ எனின், தகும் என்க. நாம் வணங்கும் பெருமானே கூத்தன். ஐந்தொழிலும் அவன் ஆடல் என்பது நம் சமயத் துணிபு. ஆயினும் நம் நாட்டிற் கூத்தாடி என்பது நெடுங்காலம் வசைமொழியாகவே வழங்கிற்று. அவ்விழிவைப் போக்கப் பாடுபட்டவருள் முதல்வர் பம்மல் சம்பந்த முதலியார். இளமையில் அவரும் தமிழ் நாடகத்தை வெறுத்தவரே. பல்லாரியிலிருந்து சென்னைக்கு வந்த கிருஷ்ணமாசார்லு குழுவினரின் தெலுங்கு நாடகத்தைக் கண்டபின் அவர் மனம் மாறிற்று. நண்பர் சிலரோடு கூடி 1891-ஆம் ஆண்டு சென்னையில் சுகுண விலாச சபையை நிறுவினார். வழக்கறிஞரும் அலுவலரும் கூச்சமின்றி வேடம் புனைந்து மேடையேறிய அவை அது. நாட்டுத்தொண்டர் சத்தியமூர்த்தியும் அதன் மேடையில் நடித்தவர். சம்பந்த முதலியார் தொண்ணூறுக்கு மேற்பட்ட நாடகங்களை இயற்றியதோடு, நடிப்புக் கலையிற் பயிற்சி பெறும் முறையைக் கூறுவதற்கென்றே ஒரு தனிநூலும் எழுதினார். நீதிபதியாக இருந்து உண்மையையும் பொய்யையும் பிரித்தறியும் தொழில் பூண்ட ஒருவர், நடிப்பைப் பொய்யென்று தள்ளாது வாழ்நாள் முழுதும் போற்றினார் என்பது சிந்தித்தற்குரியது.

நடிப்பாவது யாது? தொல்காப்பியர் மெய்ப்பாட்டிற்கென ஓர் இயலே வகுத்தார். உள்ளத்து நிகழ்ச்சி பிறர் அறியுமாறு மெய்யின்கண் வெளிப்படுதலே மெய்ப்பாடு. அவை எட்டு எனவும், ஒவ்வொன்றும் நான்கு நிலைக்களத்திற் பிறக்கும் எனவும் அவர் கூறினமையின் முப்பத்திரண்டு வகை ஆயின. வடமொழியிற் பரத முனிவர் அபிநயத்தை நான்காகப் பகுத்து, உறுப்பாலும் சொல்லாலும் புனைவாலும் நிகழ்வன மூன்றென்றும், கண்ணீர், மெய்சிலிர்ப்பு, குரற்றழுதழுப்பு முதலாயின சாத்துவிகம் என்னும் நான்காவதென்றும் கூறினார். முதல் மூன்றும் பயிற்சியாற் கைவருவன. நான்காவதோ, மனம் ஒருமைப்பட்டவழித் தோன்றுவது. கையை உயர்த்து என்றால் உயர்த்தலாம். மயிர் சிலிர்க்க என்றால் உடல் கேளாது. என் நண்பரின் இடர் இந்நான்காவதிலேயே இருந்தது. அவர் கை கூப்பிற்று, வாய் ஓதிற்று, நான்காவது வரவில்லை. அது வாராமையால் முன்னைய மூன்றையும் அவர் நிறுத்திவிட்டார்.

இதனைக் குறித்து மேல்நாட்டிலும் ஒரு வழக்கு நிகழ்ந்தது. பதினெட்டாம் நூற்றாண்டிற் பிரெஞ்சு நாட்டில் வாழ்ந்த திதரோ என்னும் அறிஞர், நடிகனைப் பற்றி ஒரு நூல் எழுதினார். அஃது அவர் மறைந்து நெடுநாட் கழித்து 1830-இல் அச்சேறிற்று. சிறந்த நடிகன் தான் அழாமலே பிறரை அழவைப்பவன் என்பதும், உணர்ச்சிவயப்பட்டு நடிப்பவன் ஒருநாள் ஓங்கி மறுநாள் வீழ்வான் என்பதும் அவர் கொள்கை. இதனைக் கேட்பின் என் நண்பர், "பார்த்தீர்களா, நடிப்பென்பது உள்ளீடற்ற கூடு என்று நான் சொன்னது சரிதானே" என்பார்.

அற்றேல், மற்றொரு சாரார் கூறுவதையும் கேட்டல் வேண்டும். உருசிய நாட்டிலே ஸ்தனிஸ்லாவ்ஸ்கி (1863–1938) என்பார் 1898-ஆம் ஆண்டு மாஸ்கோவில் ஒரு நாடக நிலையத்தைத் தோற்றுவித்து, நடிப்பை ஒரு சாதனையாகவே பயின்று பயிற்றினார். நடிகன் தன் பாத்திரத்தின் உள்ளத்தோடு ஒன்றி நடித்தல் வேண்டும் என்பது அவர் கருத்து. ஆயினும் உணர்ச்சியை நேரே பற்றி இழுத்தால் அது வாராது, ஓடி ஒளியும் என்பதை அவர் அனுபவத்திற் கண்டார். ஆதலின் தம் இறுதி ஆண்டுகளில் வேறொரு நெறியை வற்புறுத்தினார். துயரப்படு என்று நடிகனுக்குச் சொல்லாதே. அத்துயருற்றவன் அந்நேரத்தில் என்ன செய்வானோ, கதவை மூடுவானோ, ஒரு பொருளைத் தேடுவானோ, அச்சிறு செயலை உண்மையாகச் செய்யச் சொல். செயல் உண்மையாயின் உணர்ச்சி தானே அதனை நாடி வரும் என்பது அந்நெறி.

இவ்விரு கொள்கையும் முரணுவன போலத் தோன்றினும், ஓரிடத்தில் ஒன்றுபடும். உணர்ச்சி நம் ஏவலுக்கு உட்பட்டதன்று என்பதே அவ்விடம். திதரோ, அதனை நம்பாதே என்றார். ஸ்தனிஸ்லாவ்ஸ்கி, அதற்கு வழி திறந்துவைத்துக் காத்திரு என்றார். இருவருமே, உணர்ச்சி வரும்வரை மேடையேற மாட்டேன் என்று ஒருவன் வீட்டிலிருப்பதை ஒப்புக்கொண்டிலர். திரை உயரும் நேரம் குறித்தாயிற்று, காண்போர் வந்தமர்ந்தனர். நெஞ்சு கனிந்திருப்பினும் உலர்ந்திருப்பினும் நடிகன் உரிய நேரத்தில் உரிய இடத்தில் நின்று, உரிய சொல்லைப் பழுதின்றிச் சொல்லியே தீரவேண்டும். இக்கடப்பாடே அத்தொழிலின் முதுகெலும்பு. அன்பு வந்தபோது வழிபடுவேம் என்றிருக்கும் நமக்கு, இஃது எத்துணைப் பெரிய படிப்பினை!

இனி நம் நாட்டில் நிகழ்ந்த ஒன்றை நோக்குவாம். கொடுமுடியில் 1908-இல் தோன்றிய கே. பி. சுந்தராம்பாள் அம்மையார், மேடையில் இணையாக நின்ற செங்கோட்டைக் கிட்டப்பாவைத் தம் கணவராக வரித்தவர். கிட்டப்பா 1933-ஆம் ஆண்டு இருபத்தேழு அகவையிலேயே மறைந்தார். அம்மையார் வெண்ணிற ஆடை பூண்டு, ஆடவரோடு இணைந்து நடிப்பதில்லை என்று உறுதி கொண்டார். பின்னர் 1935-இல் பக்த நந்தனார் படத்தில், தாமே நந்தனாராக வேடந்தாங்கினார். அதற்கு ஊதியமாக இலக்கம் ரூபாய் பெற்றார் என்பதையே அக்காலத்தார் வியந்து பேசினர். எனக்கோ வியப்பு வேறு. துயருற்ற ஓர் இளம்பெண், தில்லையைக் காண நாளை நாளை என்று ஏங்கி நின்ற ஓர் அடியாரின் ஏக்கத்தை ஏற்றுத் தாங்கி நிற்கின்றார். அவர் உள்ளத்தில் நிகழ்ந்தது யாதென்று கூற நமக்கு உரிமையில்லை. ஆயினும் துயரம் அவரை மேடையினின்று முற்றும் விலக்கிவிடவில்லை என்பதும், பின்னர் 1953-இல் ஔவையாராகவும் தோன்றி முருகனடியாராகவே மக்கள் நெஞ்சில் நிலைபெற்றார் என்பதும் நாம் அறிந்தவை. தம் துயரத்தினும் பெரியதோர் ஏக்கத்தைத் தாங்குதற்கு ஒரு வேடம் அவருக்கு வாய்த்தது. துயருற்றார்க்கு அஃதும் ஒரு பற்றுக்கோடேயாம்.

ஔவையார் வேடத்தால் மற்றொருவர் பெற்ற பேறும் எண்ணத்தக்கது. டி. கே. சண்முகம் (1912–1973), சங்கரதாஸ் சுவாமிகளின் நாடகக் குழுவில் 1918-ஆம் ஆண்டு சிறுவனாகச் சேர்ந்து பயின்றவர். ஆடவராகிய அவர், முதிய பெண்ணாகிய ஔவைப் பிராட்டியின் வேடத்தை ஏற்று நடித்த நடிப்பு, அவர் பெயரோடே ஒட்டிக்கொண்டது. ஔவை சண்முகம் என்றே நாடு அவரை அழைத்தது. இராயப்பேட்டைப் பக்கம் முன்னர் லாயிட்ஸ் சாலை என வழங்கிய தெரு இன்று அவ்வை சண்முகம் சாலை என்று நிற்கின்றது. ஏற்ற வேடம் ஏற்றவனுக்கே பெயராயிற்று. மேடையிற் களைந்த வேடம் வாழ்விற் களையாது நின்றது.

இது வியப்பன்று, உயிரின் இயல்பே இது என்பது நம் சித்தாந்தம். உயிர் தான் எதனைச் சார்கின்றதோ அதன் தன்மையாய் நிற்கும். பளிங்கு தன்னை அடுத்த பொருளின் நிறத்தைக் காட்டுதல் போல. மலத்தைச் சார்ந்து மலமாய் நின்ற உயிரே சிவத்தைச் சார்ந்து சிவமாய் நிற்கும். இச்சார்பை விளைப்பது பாவனை. சிவஞானசித்தியார் ஒன்பதாஞ் சூத்திரப் பகுதியிற் காட்டும் கருட பாவனையை ஈண்டு நினைவு கூர்க. பாம்பு தீண்டினாரைக் காக்கப் புகும் மாந்திரிகன், மந்திரத்தின் வழியே தன்னைக் கருடனாகப் பாவித்து நோக்க நஞ்சு தீர்கின்றது. அவன் கருடனல்லன் என்பது அவனுக்குத் தெரியும். சிறகு முளைத்த பின்னர்ப் பாவிப்பேன் என்று அவன் காத்திருந்தானாயின் தீண்டப்பட்டவன் இறந்துபடுவான். அவன் பாவிக்கின்றான், ஆற்றல் அவனுடையதன்று, மந்திரத்திற்குரிய தெய்வத்தினுடையது. பாவனை நம் பங்கு. பயன் அருளின் பங்கு.

நம் நாற்படி நெறியும் இதனையே வற்புறுத்துகின்றது. ஞானம் ஈற்றில் நிற்பது. முதற்படி சரியை, திருக்கோயிலை அலகிடுதல், மெழுகுதல், பூப்பறித்தல், மாலை தொடுத்தல் ஆகிய உடற்றொழில்கள். உருகினால்தான் உள்ளே வருக என்று நம் சமயம் எவரையும் வாயிலில் நிறுத்தவில்லை. துடைப்பத்தை எடு என்றது. நாவுக்கரசர் தம் முதுமையிலும் உழவாரத்தைக் கைவிட்டிலர். அன்பு முதிர்ந்த அவரே செயலைக் கைவிடாதபோது, அன்பு வாராத நாம் செயலைக் கைவிடுதல் எவ்வாறு பொருந்தும்?

அஃதொக்கும், ஆயின் கூடாவொழுக்கம் என ஓர் அதிகாரம் வகுத்து, உள்ளொன்றும் புறமொன்றுமாய் வாழும் வேடத்தாரை வள்ளுவர் கடிந்தாரே, அதற்கு என் சொல்வீர் என்று என் நண்பர் போல்வார் வினவலாம். இவ்வினாவைத் தட்டிக் கழித்தல் ஆகாது. மூவரைப் பிரித்தறிதல் வேண்டும். ஒருவன் வஞ்சகன், ஒருவன் நடிகன், ஒருவன் சாதகன். மூவரும் தாம் அல்லாத ஒன்றைப் பூண்டவரே. வஞ்சகன் தான் பூண்டிருக்கின்றான் என்பதை மறைக்கின்றான். மறைப்பினாற் பிறர் பொருளையோ உயிரையோ கவர்கின்றான். நடிகன் மறைப்பதில்லை, அவன் அரசனல்லன் என்பதை அவனும் அறிவான், காண்போரும் அறிவர், இருவரும் அறிந்தே ஓர் உண்மையைக் காண உடன்படுகின்றனர். சாதகனோ, தான் இன்னும் அன்பனல்லன் என்பதை இறைவனிடமே ஒப்புக்கொண்டு, அன்பனாக்குக என்று வேண்டியவாறே அன்பர் செய்வதைச் செய்கின்றான்.

முத்தநாதன் நீறு பூசி, ஏட்டுக் கட்டினுள் வாளை மறைத்துத் திருக்கோவலூர் அரண்மனையுட் புகுந்தான். அவ்வேடத்தை மெய்யெனத் தொழுத மெய்ப்பொருள் நாயனார் வீடு பெற்றார். வேடத்தைத் தாங்கியவனோ கொலைஞனாகவே போயினான். வேடம் ஒன்றே, தொழுதவருக்கு அது திருவடி, தாங்கியவனுக்கு வாளுறை. எனவே குற்றம் வேடத்தில் இல்லை. அதனுள் ஒளித்து வைத்த வாளில் இருந்தது. என் நண்பர் நீறணிந்து நின்றபோது அவர் எந்த வாளை ஒளித்து வைத்தார்? வெறுமையையன்றி வேறொன்றும் அவர் மறைக்கவில்லை. அவ்வெறுமையையும் என்னிடம் வெளிப்படையாகக் கூறினார். என்னிடம் கூறியதைச் சன்னிதியிற் கூறியிருந்தால் அதுவே வழிபாடாகியிருக்கும்.

இங்ஙனம் கூறியவர் ஒருவர் நமக்கு முன்னே உளர். மணிவாசகப் பெருமான் திருச்சதகத்தில், அடியார் நடுவே தாமும் அடியார்போல நாடகமாடி வீட்டுலகு புக விரைவதாகத் தம்மையே குறித்து முறையிட்டு, மெய்யன்பை அருளுமாறு வேண்டுகின்றார். உருக்கத்திற்கு எல்லை என்று உலகம் போற்றும் அப்பெருமானே தம் அன்பை நடிப்பென்று கூறினார் என்றால், நாற்பதாண்டு அந்நூலைப் பாடஞ் சொல்லியும் நான் அதனைப் பணிவின் மொழியென்று மட்டுமே உரைத்துக் கடந்தேன். இன்று அது பணிவின் மொழி மட்டுமன்று, வழிகாட்டும் மொழியும் ஆம் என்று உணர்கின்றேன். நடிக்கின்றேன் என்பதை மறைக்காமல், நடிப்பதை நிறுத்தவும் செய்யாமல், நடிப்பை மெய்யாக்குக என்று கேட்டல், இதுவே அவர் காட்டிய நெறி. அம்மாணவன் இன்று என் முன் வந்து அன்றைய வினாவை மீண்டும் வினவினால், "சில ஆண்டுகளில் தானே வந்தது; பல ஆண்டுகளில் நான் வருவித்தேன்; வருவித்த ஆண்டுகள் இல்லையாயின் வந்த ஆண்டுகளும் இல்லை" என்று விடை கூறுவேன்.

இவ்வாறு கூறுமிடத்து நடிப்பின் இடர்களையும் மறைத்தல் கூடாது. சார்ந்ததன் வண்ணமாகும் உயிர் தீயதைச் சார்ந்தாலும் அதன் வண்ணமாகும். காண்பாரையும் அஃது தாக்கும். தமிழ் நாடகத் தலைமையாசிரியர் எனப் போற்றப்படும் சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) இளமையில் எமன், சனீசுவரன் முதலிய கொடிய வேடங்களில் நடித்து அச்சம் விளைத்தவர். அவ்வேடத்தைக் கண்டு அஞ்சிய பெண்டிருக்கு நேர்ந்த தீங்கே அவரை வேடம் களைந்து, நாடகம் எழுதுதலிலும் சிறுவரைப் பயிற்றுதலிலும் ஈடுபடச் செய்தது என்பர். தம் கலையின் ஆற்றலை அறிந்தமையாலேயே அதனை அடக்கியாண்டார். எவ்வேடத்தைப் பூணுகின்றோம் என்பதில் விழிப்பு வேண்டும் என்பது இதனாற் பெறப்படும்.

மற்றோர் இடர் கைத்தட்டல். நடிகனுக்குக் கைத்தட்டல் கூலி; சாதகனுக்கு அது நஞ்சு. பலர் காண உருகுவதிற் சுவை கண்டவன், தனித்திருக்கையில் உருகுவதை மறப்பான். என் வகுப்பறையில் எனக்கு நேர்ந்த குற்றம் குரலை வருவித்ததன்று. வருவித்த குரலை மாணவர் மெச்சும்போது மகிழ்ந்ததே. ஆகலின் இப்பயிற்சிக்குக் காண்போர் இல்லாத இடமே நன்று. நடிகரும் பெரும்பகுதி உழைப்பைக் காண்போர் இல்லாத ஒத்திகையிலேதான் செலவிடுகின்றனர் அல்லரோ? கட்டபொம்மன் கூத்தைக் கண்டு நடிகனாக வேண்டும் என்று ஆசைகொண்ட சிறுவன் கணேசன், தாய் தந்தை இல்லாதவன் என்று பொய் கூறி நாடகக் குழுவிற் சேர்ந்து, முதலிற் சீதை வேடம் புனைந்து, பின்னர்ப் பல ஆண்டு பல வேடங்களில் தேய்ந்து, 1959-இல் அக்கட்டபொம்மனாகவே திரையில் நின்றார். அடுத்த ஆண்டு கெய்ரோ நகரத்து ஆசிய ஆப்பிரிக்கப் படவிழாவில் சிறந்த நடிகர் என்ற பரிசும் பெற்றார். நாம் அறிந்தது அப்பரிசை. அப்பரிசிற்கு முன்னே கழிந்த ஒத்திகை நாட்களை எண்ணினார் யார்?

இவற்றையெல்லாம் நண்பரிடம் ஒருநாள் மாலை எடுத்துரைத்தேன். பொறுமையோடு கேட்டார். பின்னர், "நடிகனுக்கு ஒத்திகை இத்தனை நாள் என்று கணக்கு உண்டு. எனக்கு எத்தனை நாள், புலவர் ஐயா?" என்றார். "அக்கணக்கு என்னிடம் இல்லை, உங்களிடமும் இல்லை. அரங்கின் உடையவனிடம் உள்ளது" என்றேன். அவர் சிரித்தார், மனைவியார் மறைந்தபின் நான் கண்ட முதற் சிரிப்பு. "சரி, என்ன செய்யச் சொல்கிறீர்கள்?" என்றார். "உருக வேண்டா, நீறு பூச மனமில்லையேல் அதுவும் இப்போது வேண்டா. அம்மையார் பகலிற் செய்த அந்த ஒரு செயலை மட்டும் செய்யுங்கள்" என்றேன். அவர் நெடுநேரம் பேசாதிருந்தார்.

அடுத்த பிரதோஷத்தன்று அவர் வீட்டுக்குச் சென்றபோது, கூடத்தில் தரையில் அமர்ந்து, நனைத்த வாழைநாரில் நந்தியாவட்டை தொடுத்துக் கொண்டிருந்தார். மாலை கோணலாக இருந்தது. ஓரிடத்திற் பூ நெருங்கியும் ஓரிடத்தில் நார் வெளியே தெரிந்தும் கிடந்தது. என்னைக் கண்டதும், "நெஞ்சில் இப்போதும் ஒன்றுமில்லை, புலவர் ஐயா. முடிச்சுத்தான் நழுவுகிறது. அவள் இதை எப்படிப் போட்டாள் என்று பார்த்துவைத்துக் கொள்ளாமல் போனேனே" என்றார். நான் மறுமொழி கூறவில்லை. கச்சேரி சாலை வழியே இருவரும் நடந்தோம். மாலையை அவரே கையில் ஏந்தி வந்தார்.

அம்மாலையைக் குருக்கள் வாங்கிச் சாத்தினார். கோணல் மாலை என்று அதனைப் பெருமான் மறுத்திலர். நம் அன்பும் அத்தகையதே. இடையிடையே நார் தெரியும், முடிச்சு நழுவும். நழுவிய முடிச்சை மீண்டும் போடுதலே நம் பணி. அதனை மணமுள்ள மாலையாக்குதல் கூத்தப்பெருமான் திருவருளின் பணி.

திருச்சிற்றம்பலம்